கேரளப் பள்ளிக் கலோத்சவம்: முடிவை எதிர்த்து அப்பீல் போவது எப்படி

பள்ளி மாணவர்களின் கலைப் போட்டி விழாவான கலோத்சவத்தில் உபஜில்லா (துணை மாவட்டம்), ரெவின்யூ ஜில்லா (வருவாய் மாவட்டம்), மாநிலம் என்று படிப்படியாகத்தான் ஏற முடியும். மாவட்டத்தில் முதலிடம் பெற்றவருக்கே மாநில மேடை என்பதால், அப்பீல் பெரும்பாலும் இரண்டாம் இடத்திலிருந்துதான் கிளம்பும். தமிழ்ப் பேச்சுப் போட்டிக்குப் பிள்ளைகளை அழைத்து வரும் தேவிகுளம், பாலக்காடு ஆசிரியர்களுக்கும் இதே நடைமுறைதான்.

“எங்கள் பிள்ளைதான் நன்றாக ஆடினாள்” என்ற வாதம் எங்கும் எடுபடாது. நடுவர் போட்ட மதிப்பெண்ணை நீதிமன்றம் மறுபடி எடைபோடாது. நடைமுறையில் நடந்த பிழைதான் நிற்கும்: பாட்டு பாதியில் நின்றது, மைக் செத்தது, மேடையில் ஆணி துருத்தி நின்றது, கூட்டலில் தவறு.

அந்தப் பிழைக்கு அங்கேயே, அப்போதே எழுத்தில் தடம் வேண்டும். பரதநாட்டியத்தின் நடுவில் ஒலி நின்றால், ஆடி முடித்த கையோடு மேடைப் பொறுப்பாளரிடம் போங்கள். மேடை எண், போட்டியாளரின் கோட் எண் (பெயருக்குப் பதில் தரும் எண்), மணி, எந்த இடத்தில் பாட்டு நின்றது, எவ்வளவு நேரம் நின்றது என நாலு வரி எழுதிக் கொடுத்து, நகலில் கையொப்பம் வாங்குங்கள். மறுபடி ஆட வாய்ப்புக் கேட்பதென்றாலும் அப்போதே கேட்டுவிட வேண்டும். முடிவு வந்தபின் எழுதிய புகார், தோற்றதால் எழுதியதாகவே படிக்கப்படும். கைபேசிக் காணொளியை வெட்டாமல், வாட்ஸ்அப்பில் சுருங்காத மூலக் கோப்பாகவே வைத்திருங்கள்.

அப்பீலுக்கு முடிவு அறிவித்ததிலிருந்து ஒரு மணி நேரம்தான் அவகாசம். கட்டணம் மட்டத்துக்கு மட்டம் கூடும். அவ்வப்போது உயர்த்துவதால் அந்த ஆண்டுச் சுற்றறிக்கையைப் பாருங்கள். மாவட்ட அப்பீலைக் கல்வித் துணை இயக்குநர் தரப்பில் கேட்பார்கள். விசாரணையிலேயே மதிப்பெண் தாளையும் மேடைப் பொறுப்பாளரின் குறிப்பையும் காட்டச் சொல்லுங்கள். தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டால் பதிலுக்கு 30 நாள் அவகாசம் உண்டு. அதற்குள் மாநில விழாவே முடிந்துவிடலாம்.

அப்பீல் தள்ளுபடியானால் எர்ணாகுளத்தில் உள்ள உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்பின் பிரிவு 226-இன் கீழ் ரிட் மனு (அரசுத் தரப்பின் முடிவை எதிர்த்துப் போடும் மனு). அப்பீலே போகாமல் நேராக அங்கே போனால், முதல் கேள்வியிலேயே திருப்பி அனுப்புவார்கள். பிள்ளை மைனர், அதனால் பெற்றோரில் ஒருவர் பாதுகாவலராக மனு போட வேண்டும். முதலிடம் பெற்றவரின் இடத்தை ரத்துசெய்யக் கேட்பதாக இருந்தால் அவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். நடுவர் காசு வாங்கினார் என்று எழுதினால் அவரைப் பெயர் சொல்லிச் சேர்க்க வேண்டும். கையில் ஆதாரம் இல்லாவிட்டால் அந்த வரியையே அடித்துவிடுங்கள், மனு முழுவதையும் அது கெடுக்கும்.

மனுவின் பலம் தள்ளுபடி உத்தரவிலேயே இருக்கலாம். மேடைப் பொறுப்பாளரின் குறிப்பைப் பற்றி ஒரு சொல்லும் இல்லாமல் ‘தகுதியில்லை’ என்று மட்டும் எழுதியிருந்தால் அதைப் பிடித்துக்கொள்ளுங்கள். இன்ன தேதிக்குள் மறுபரிசீலனை, அதுவரை பங்கேற்க இடைக்கால அனுமதி என்று கேட்பது போதும். மாவட்ட விழா நவம்பர், டிசம்பரில். மாநில விழா பெரும்பாலும் ஜனவரித் தொடக்கத்தில். நடுவில் நீதிமன்றத்துக்குக் கிறிஸ்துமஸ் விடுமுறை. விடுமுறைக்கால அமர்வு எந்த நாளில் என்று வழக்கறிஞரிடம் முன்கூட்டியே கேளுங்கள்.

2022 டிசம்பரில் இத்தகைய மனுக்களைத் தள்ளுபடி செய்த உயர் நீதிமன்றம், தோல்வியையும் ஏற்கப் பிள்ளைகளைப் பழக்கும்படி பெற்றோருக்குச் சொன்னது. கூடவே, மேடையில் கவனக்குறைவால் பிள்ளைகளுக்கு விபத்து நேர்ந்தால் அமைப்பாளர்கள் சிறார் நீதிச் சட்டத்தின்படி பொறுப்பேற்க நேரும் என்றும் எச்சரித்தது. மேடைக் கோளாறால் பாதிக்கப்பட்டவர்கள் இந்த இரண்டாவது பகுதியையும் வழக்கறிஞரிடம் காட்டலாம்.

‘ஆர்டர் வாங்கித் தருகிறேன்’ என்று வரும் தரகரை அண்டவிடாதீர்கள். 2018 திருச்சூர் விழாவில் குழந்தைகள் உரிமை ஆணையத்தின் பெயரில் போலி உத்தரவுகள் பிடிபட்டு, கைது வரை போனது.

உத்தரவு கிடைத்ததும் சான்றிட்ட நகலைப் போட்டிக்கு முன்பே அமைப்பாளரிடம் சேர்த்து ரசீது வாங்குங்கள். கட்டிய அப்பீல் கட்டணம் திரும்ப வேண்டுமானால், மாநில மேடையில் உங்கள் மாவட்டத்து முதலிடக்காரரைவிட மேலாகச் செய்ய வேண்டும்.