போர்க்கப்பல் பாஸ்பரஸைக் கடக்குமா? மோன்த்ரோ விதிகளை வைத்துக் கணிப்பது எப்படி

கருங்கடலுக்குப் போர்க்கப்பல் வரப்போகிறது என்று செய்தி வந்தால், அது நடக்குமா என்பதை 1936 ஜூலை 20இல் கையெழுத்தான மோன்த்ரோ உடன்படிக்கையை வைத்தே பெரும்பாலும் கணித்துவிடலாம். மத்தியதரைக் கடலிலிருந்து கருங்கடலுக்குப் போகும் வழியான துருக்கியின் பாஸ்பரஸ், டார்டனெல்ஸ் நீரிணைகளை யார் எப்படிக் கடக்கலாம் என்று சொல்வது அதுதான். பலர் எடுத்த எடுப்பிலேயே கப்பலின் எடையைத் தேடுகிறார்கள். அது கடைசி வேலை.

முதலில், போர் நடக்கிறதா, அதில் துருக்கி இருக்கிறதா என்று பாருங்கள். துருக்கி ஒதுங்கி நின்றால், போரிடும் நாடுகளின் போர்க்கப்பல்கள் கடக்கக் கூடாது (19ஆம் பிரிவு). ரஷ்யா-உக்ரைன் போரில் 2022 பிப்ரவரி 28இல் துருக்கி இதை நடைமுறைப்படுத்தியது. கப்பல் அனுப்ப வேண்டாம் என்று மற்ற நாடுகளிடமும் சொன்னது. அந்த இரண்டாவது பகுதிக்கு 19ஆம் பிரிவில் ஆதாரமில்லை. தளத்துக்குத் திரும்பும் கப்பலுக்கு விலக்கு உண்டு. சறுக்குவது இங்கேதான்: ரஷ்யக் கொடி மட்டும் போதாது, தளமும் கருங்கடலில் இருக்க வேண்டும். ரஷ்யாவின் பசிபிக் கடற்படைப் பிரிவைச் சேர்ந்த வர்யாக், வடக்குப் பிரிவைச் சேர்ந்த மார்ஷல் உஸ்தினோவ் ஆகிய போர்க்கப்பல்கள் இரண்டும் அந்த ஆண்டு மத்தியதரைக் கடல்வரை வந்தும் உள்ளே நுழையவில்லை. உக்ரைனுக்கு பிரிட்டன் கொடுத்த இரண்டு கடற்கண்ணிவெடி அகற்றும் கப்பல்களையும் விடமாட்டோம் என்று 2024 ஜனவரியில் துருக்கி சொல்லிவிட்டது.

துருக்கியே போரில் இறங்கினாலோ, போர் நெருங்கிவிட்டதாகக் கருதினாலோ (20, 21ஆம் பிரிவுகள்) வேறு கணக்கு வேண்டாம். முடிவு அதன் கையில்.

அமைதிக் காலமென்றால், கருங்கடல் கரையில் இல்லாத நாட்டுக்குக் கெடுபிடி அதிகம். 8 நாள் முன்னறிவிப்பு வேண்டும், 15 நாள் என்றால் நல்லது. ஒரே நேரத்தில் நீரிணைக்குள் 9 கப்பல், மொத்தம் 15,000 டன். உள்ளே போனால் 21 நாளில் கிளம்ப வேண்டும். நீர்மூழ்கிக்கு இடமே இல்லை.

இப்போது எடை. ஆள், ஆயுதம், உணவு கணக்கில் சேரும், எரிபொருள் சேராது. இணையத்தில் கிடைக்கும் முழுச்சுமை எடையைப் போட்டால் விடை தப்பும். 2008 ஜார்ஜியப் போரின்போது அமெரிக்கா அனுப்ப நினைத்த மருத்துவமனைக் கப்பல்கள் ஏறக்குறைய 70,000 டன், எப்படி அளந்தாலும் நுழையாது. சிறிய கப்பல்களே போயின.

கருங்கடல் கரையில் உள்ள நாட்டின் பெரிய போர்க்கப்பல் 15,000 டன்னைத் தாண்டலாம். தனியாக, அதிகபட்சம் இரண்டு நாசகாரிகளின் (டெஸ்ட்ராயர் போர்க்கப்பல்கள்) துணையோடு கடக்க வேண்டும். விமானந்தாங்கிக்கு இந்தச் சலுகை கிடையாது. அதனால்தான் சோவியத் ஒன்றியம் விமானங்களைத் தாங்கிய கீவ் கப்பலை ‘குரூசர்’ என்ற போர்க்கப்பல் வகையில் சேர்த்து 1976இல் வெளியே கொண்டுபோனது. கெட்டிக்காரத்தனம்தான்! ஆகவே கப்பலின் தோற்றத்தைவிட, அது எந்த வகையாகப் பதிவாகியிருக்கிறது என்பதைப் பாருங்கள். சரக்குக் கப்பலாகப் பதிவாகியிருந்தால் மேலே சொன்ன டன், நாள் வரம்பு எதுவும் பொருந்தாது.