நியமன ஒப்புதல் மறுக்கப்பட்டால்: வழக்குக்கு முன் செய்ய வேண்டியவை

தமிழ்நாட்டின் அரசு உதவிபெறும் பள்ளிகளில் ஆசிரியரை நியமிப்பது பள்ளிக்குழு, சம்பளம் தருவது அரசு. நடுவில் இருப்பது கல்வி அலுவலரின் நியமன ஒப்புதல். அது வராமல் ஆண்டுக்கணக்கில் சம்பளமின்றிப் பாடம் நடத்துபவர்கள் இருக்கிறார்கள். உயர் நீதிமன்றம் போனால் தீர்ந்துவிடும் என்று பலர் நம்புகிறார்கள். ஆனால் கோப்பு பலவீனமாக இருந்தால் நல்ல வழக்கறிஞராலும் காப்பாற்ற முடியாது.

கையில் இருப்பது மறுப்பு ஆணையா, குறைசுட்டித் திருப்பிய கடிதமா என்று முதலில் பாருங்கள். திருப்பிய கடிதம் என்றால், கேட்ட ஒவ்வொரு குறைக்கும் வரிசையாகப் பதில் எழுதி, கருத்துருவை (ஒப்புதல் கேட்டுப் பள்ளி அனுப்பும் முன்மொழிவை) மீண்டும் கொடுத்து, நகலில் அலுவலக முத்திரையும் தேதியும் வாங்குங்கள். வாய்மொழியாகச் சொன்ன குறைக்கும் எழுத்தில் பதில் கொடுங்கள். இதற்குப் பிறகும் ஆணை வராவிட்டால், முடிவெடுக்கச் சொல்லி அலுவலருக்கு உத்தரவிடக் கோரும் மாண்டமஸ் ரிட் மனுவை உயர் நீதிமன்றத்தில் போடலாம்.

மறுப்பு ஆணை என்றால் அதில் எழுதியுள்ள காரணம்தான் வழக்கின் உயிர். ‘விதிகளின்படி இல்லாததால் நிராகரிக்கப்படுகிறது’ என்று மட்டும் இருந்தால், எந்த விதி என்று சொல்லாததே உங்கள் முதல் வாதம். ஆணையில் இல்லாத காரணத்தை, வழக்கில் அரசுத் தரப்பு தாக்கல் செய்யும் எதிர்வாத உரையில் புதிதாகச் சேர்க்க முடியாது என்பது மொகிந்தர் சிங் கில் வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த நெறி.

அடிக்கடி வரும் காரணம் உபரி ஆசிரியர், அதாவது மாணவர் எண்ணிக்கைக்குத் தேவையானதைவிடக் கூடுதலாக ஆசிரியர் இருக்கிறார் என்பது. இதற்கு நியமன ஆண்டுக்கான பணியாளர் நிர்ணய ஆணை (பள்ளிக்கு எத்தனை பணியிடம் என்று சொல்லும் ஆணை) வேண்டும். அது ஆகஸ்ட் 1 மாணவர் எண்ணிக்கையை வைத்துப் போடப்படுவது. இப்போதைய எண்ணிக்கையைக் காட்டி மறுத்திருந்தால், காலியிடம் ஏற்பட்ட நாளிலும் நியமன நாளிலும் இருந்த நிலையை அந்த ஆணையால் நிறுவுங்கள். உபரி எனச் சொல்லப்படுபவர் அதே பாடமா, அதே பயிற்றுமொழியா, அவரை உங்கள் பள்ளிக்கு அனுப்பி ஆணை போட்டார்களா என்பதையும் கேளுங்கள். நகல் கிடைக்காவிட்டால் தகவல் உரிமைச் சட்டத்தில் மனு போடுங்கள். பதிலுக்கு 30 நாள் கெடு.

அடுத்த காரணம் ஆசிரியர் தகுதித் தேர்வில் (TET) தேர்ச்சி இல்லை என்பது. 1 முதல் 8 வகுப்பு வரை கற்பிப்பவர்களுக்கு இதில் வாதம் கடினம். 2025 செப்டம்பர் 1 தீர்ப்பில் உச்ச நீதிமன்றம் அந்தத் தேர்ச்சியை வலியுறுத்தியது. சிறுபான்மைப் பள்ளிகளைப் பற்றிய கேள்வியைப் பெரிய அமர்வுக்கு அனுப்பியது. எனவே உங்கள் பள்ளி சிறுபான்மைப் பள்ளி என்றால், சிறுபான்மைத் தகுதிச் சான்றைக் கோப்பில் வைத்திருங்கள்.

மனுவோடு சேர்க்க வேண்டியவை: முன்னவரின் ஓய்வு அல்லது பணிவிலகல் ஆணை, காலியிட விளம்பரம், பள்ளிக்குழுத் தீர்மானம், நியமன ஆணை, பணியேற்பு அறிக்கை, அசல் கருத்துரு, சான்றிதழ்கள், வருகைப் பதிவேட்டு நகல். தீர்மானத் தேதி நியமன ஆணைக்கு முந்தியதா என்று பாருங்கள். பிந்தியிருந்தால் எதிர்த்தரப்பு முதலில் அதைத்தான் பிடிக்கும்.

கோரிக்கையில்தான் பலர் சறுக்குகிறார்கள். ‘பரிசீலிக்க உத்தரவிட வேண்டும்’ என்று மட்டும் கேட்டால், பரிசீலித்து மறுபடியும் மறுப்பார்கள், நீங்கள் இரண்டாவது வழக்குப் போட வேண்டியிருக்கும். மறுப்பு ஆணையை ரத்து செய்து, பணியேற்ற நாள் முதல் ஒப்புதலும் நிலுவைச் சம்பளமும் வழங்க உத்தரவிடுமாறு கேளுங்கள். பணியிடத்தைச் சரண் செய்யவோ (அரசிடம் திருப்பி ஒப்படைக்கவோ) வேறு ஆசிரியரை அனுப்பவோ இடைக்காலத் தடையும் கேட்கலாம்.

தாமதிக்காதீர்கள். உச்ச நீதிமன்றத்தின் தர்செம் சிங் வழக்குத் தீர்ப்பின் (2008) வழியில், நிலுவையை வழக்குத் தாக்கலுக்கு முந்தைய மூன்று ஆண்டுகளோடு நிறுத்திவிட வாய்ப்புண்டு. திருச்சி, தஞ்சாவூர், கரூர் உள்ளிட்ட மாவட்டங்களுக்கு உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் வழக்குப் போட வேண்டும். பள்ளிச் செயலரையும் எதிர்மனுதாரராகச் சேருங்கள்.

சாதகமான உத்தரவு வந்ததும் சான்றிட்ட நகலை அலுவலகத்தில் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். உத்தரவில் தந்த கெடு முடிந்தும் அசையாவிட்டால், ஓராண்டுக்குள் நீதிமன்ற அவமதிப்பு மனு போடுங்கள்.