மெயில் போகவில்லையா? லாகைப் படித்துவிட்டு அப்புறம் கை வையுங்கள்

'மெயில் போகலை' என்று யாராவது சொன்னதும் சர்வரை ரீஸ்டார்ட் செய்யத்தான் கை போகும். நானும் அப்படித்தான் இருந்தேன், ஒரு ராத்திரி முழுக்க வீணாகும் வரை.

என்னுடையது போஸ்ட்ஃபிக்ஸ் என்ற மெயில் சர்வர் மென்பொருள். அது நடந்ததையெல்லாம் எழுதிவைக்கும் மெயில் லாகில் பெறுநர் முகவரியைத் தேடி, அந்த வரியின் கடைசிப் பகுதியைப் பாருங்கள். 'சென்ட்' என்றிருந்தால் எதிர் சர்வர் வாங்கிக்கொண்டுவிட்டது. ஸ்பேம் பெட்டியில் தேடச் சொல்லுங்கள். இல்லாவிட்டால் அடைப்புக்குறிக்குள் எதிர் சர்வர் சொன்ன காரணம் அப்படியே இருக்கும். அந்தக் காரணத்தில் உள்ள எண் 4-இல் தொடங்கினால் 'பிறகு வா' என்று அர்த்தம். அறிமுகமில்லாத சர்வரைக் காக்க வைக்கும் கிரேலிஸ்டிங்காகவும் இருக்கலாம். அமைப்பை மாற்றாமல் விட்டிருந்தால் போஸ்ட்ஃபிக்ஸ் 5 நாள் வரை தானே முயன்று பார்க்கும். நீங்கள் நிமிடத்துக்கு ஒருமுறை கியூவை (அனுப்பக் காத்திருக்கும் மெயில் வரிசையை) மறுபடி தள்ளி எரிச்சலூட்ட வேண்டாம். 5-இல் தொடங்கினால் மறுத்துவிட்டார்கள். 550 5.1.1 என்றால் அப்படி ஒரு முகவரியே இல்லை. பாதி நேரம் எழுத்துப்பிழைதான்.

எங்கே அனுப்பினாலும் 'கனெக்‌ஷன் டைம்டு அவுட்' வந்தால், சர்வர்கள் ஒன்றுக்கொன்று மெயில் அனுப்பும் வாசலான போர்ட் 25, வெளியே போகும் பக்கம் அடைபட்டிருக்கலாம். வாடகை சர்வர் தருபவர்கள் பலர் அதை மூடியேதான் தருகிறார்கள். கேட்டுத் திறக்க வேண்டும்.

5.7.1 வந்தால்தான் தலைவலி: முகவரி சரி, ஆனால் ஏதோ ஒரு விதியைக் காட்டி மறுக்கிறார்கள். எனக்கு அந்த ராத்திரி வந்தது அதுதான்: ஒரு பெரிய மெயில் சேவைக்கு மட்டும், அதிலும் சில மெயில்கள் போயின, சில திரும்பின. மெயில் உண்மையானதுதானா என்று எதிர் சர்வர் சரிபார்க்க உதவும் எஸ்.பி.எஃப். சரி, டி.கிம். சரி, ஐ.பி. முகவரிக்கு உரிய பெயரைச் சொல்லும் பி.டி.ஆர். பதிவும் சரி. ரீஸ்டார்ட் செய்தேன், இந்தப் பதிவுகள் இருக்கும் டி.என்.எஸ்ஸைக் கிளறினேன், மறுபடி ரீஸ்டார்ட். விடிகிற நேரத்தில்தான் லாகை நிதானமாகப் படித்தேன். திரும்பிய மெயில்களில் மட்டும் எதிர் சர்வரின் முகவரி நெடுக முக்காற்புள்ளிகளோடு இருந்தது. ஐ.பி.வி.6, புதுவகை ஐ.பி. முகவரி! நான் பி.டி.ஆர். போட்டிருந்தது பழைய வகையான ஐ.பி.வி.4-க்கு மட்டும். மறுப்பு வரியிலேயே 'பி.டி.ஆர்.' என்று எழுதியிருந்தது வேறு.

சர்வரை வாடகைக்குத் தந்தவரின் பேனலில் ஐ.பி.வி.6-க்கும் பி.டி.ஆர். போடுங்கள். அந்தப் பெயரும் திரும்ப அதே ஐ.பி.யைக் காட்ட வேண்டும். முடியாவிட்டால் போஸ்ட்ஃபிக்ஸின் 'இனெட் புரோட்டோகால்ஸ்' (inet_protocols) அமைப்பை ஐ.பி.வி.4 என்று மாற்றுங்கள். இதற்கு அமைப்புகளை மட்டும் மறுபடி படிக்க வைக்கும் ரீலோடு போதாது, ரீஸ்டார்ட்தான் வேண்டும். (ஆக, அதற்கும் ஓர் இடம் உண்டு.)

சரிசெய்த பிறகு கியூவில் நிற்பவற்றை ஒருமுறை தள்ளிவிடுங்கள். பவுன்ஸ் ஆனவை, அதாவது அனுப்பியவருக்கே திரும்பிவிட்டவை, கியூவில் இருக்காது. அனுப்பியவரிடம் சொல்லி மறுபடி அனுப்ப வையுங்கள்.