இ.எம்.ஐ. அப்படியே இருந்தது, கடன் மட்டும் நீண்டது: வீட்டுக் கடனின் முழுக் கணக்கைப் போடும் முறை

2022 தீபாவளிக்கு போனஸ் வந்தது. கோவையில் பம்ப்செட் தயாரிக்கும் ஒரு நிறுவனத்தில் கணக்குப் பிரிவில் வேலை பார்க்கிறேன். வருடத்தில் மொத்தமாகப் பணம் கையில் நிற்பது அந்த ஒரு முறைதான். அதில் ஐம்பதாயிரத்தை வீட்டுக் கடனில் கட்டலாம் என்று கடன் கணக்கு அறிக்கையை எடுத்துப் பார்த்தேன். ‘மீதமுள்ள தவணைகள்: 368’ என்று இருந்தது.

தவறாக அச்சாகியிருக்கும் என்று நினைத்தேன். 2021 நவம்பரில் 30 லட்சம் கடன் வாங்கியபோது மொத்தமே 240 தவணைகள். 11 கட்டியாகிவிட்டது. 229 இருக்க வேண்டிய இடத்தில் 368. அப்போது எனக்கு 36 வயது. அந்தக் கணக்குப்படி கடன் முடியும்போது 67ஐ நெருங்கியிருப்பேன். எங்கள் நிறுவனத்தில் ஓய்வு வயது 58.

அன்று இரவு உட்கார்ந்து கணக்குப் போட்டபோது அது பிழை இல்லை என்று தெரிந்தது. 2022 மே மாதத்திலிருந்து ரிசர்வ் வங்கி ரெப்போ வட்டியை, அதாவது வங்கிகளுக்குத் தான் கடன் கொடுக்கும் வட்டியை, ஏற்ற ஆரம்பித்தது. 4 சதவீதமாக இருந்தது செப்டம்பர் கடைசியில் 5.90 ஆனது. என் கடன் ரெப்போவோடு இணைந்த மாறும் வட்டிக் கடன். 6.75 சதவீதத்தில் வாங்கியது 8.65 ஆகியிருந்தது. ஆனால் என் கணக்கிலிருந்து மாதாமாதம் போனது அதே 22,811 ரூபாய். பாக்கி சுமார் 29 லட்சத்து 40 ஆயிரம். அதற்கு ஒரு மாத வட்டி 21,193. ஆக, நான் கட்டிய 22,811இல் அசலுக்குப் போனது 1,618 ரூபாய் மட்டும். வட்டி ஏறினால் தவணைத் தொகை மாறாது, தவணைக் காலம் நீளும் என்று கடன் ஒப்பந்தத்திலேயே எழுதியிருந்தது. அந்தப் பக்கத்தில் என் கையெழுத்தும் இருந்தது.

அன்றிலிருந்து யார் வீட்டுக் கடன் பற்றிக் கேட்டாலும் முதலில் இதைத்தான் சொல்கிறேன். கடன் எவ்வளவுக்கு வந்து முடியப்போகிறது என்பதை இ.எம்.ஐ. தொகை காட்டாது. மீதித் தவணைகளின் எண்ணிக்கை காட்டும். மூன்று மாதத்துக்கு ஒரு முறை அந்த எண்ணைப் பாருங்கள்.

மூன்று கட்டக் கணக்கு

2025 ஜனவரியில் என் தம்பி சரவணம்பட்டிப் பக்கம் 50 லட்சத்துக்கு ஒரு தனி வீடு பார்த்தான். 40 லட்சம் கடன், 8.5 சதவீத வட்டி, 20 வருடம், இ.எம்.ஐ. 34,713. அப்பா கூடவே இருந்தார். அவர் எல்லாக் கடனையும் மாத வட்டியில்தான் எடைபோடுவார். “நூத்துக்கு முக்கால் ரூபா வட்டிகூட இல்லையே கண்ணு, வெளியில ரெண்டு ரூபா வட்டி” என்றார். சரிதான், 8.5 சதவீதம் என்றால் மாதம் நூற்றுக்கு 71 பைசா. மலிவான கடன்தான். ஆனால் 71 பைசா 20 வருடத்தில் என்னவாகிறது என்பதைத் தம்பியே போட்டுப் பார்க்கட்டும் என்று ஒரு நோட்டைக் கொடுத்தேன்.

மூன்று கட்டம் போட்டால் போதும்: வட்டி, அசல், பாக்கி. பாக்கியை வட்டி விகிதத்தால் பெருக்கி 1200ஆல் வகுத்தால் அந்த மாத வட்டி வரும். இ.எம்.ஐ.யில் வட்டியைக் கழித்தால் அசல். பாக்கியில் அசலைக் கழித்தால் அடுத்த மாதப் பாக்கி. முதல் மாதம்: 40,00,000 பெருக்கல் 8.5, வகுத்தல் 1200. வட்டி 28,333. அசல் 6,380. பாக்கி 39,93,620. கையால் ஆறு மாதம் எழுதுங்கள், அப்புறம் எக்செலில் போட்டுக் கீழே இழுத்துக்கொள்ளலாம். அந்த ஆறு மாதத்தைக் கையால் எழுதுவதை மட்டும் விட்டுவிட வேண்டாம். பாக்கி எவ்வளவு மெதுவாக இறங்குகிறது என்பது எழுதும்போதுதான் உறைக்கிறது.

தம்பி கீழே இழுத்தபோது வந்த எண்கள் இவை. ஐந்து வருடத்தில் கட்டுவது 20 லட்சத்து 83 ஆயிரம், அதில் அசல் குறைவது 4 லட்சத்து 75 ஆயிரம். அசலில் பாதி தீர்வதற்கே 13 வருடமும் 10 மாதமும் ஆகும். 20 வருடத்தில் மொத்தம் கட்டுவது 83 லட்சத்து 31 ஆயிரம், அதில் வட்டி மட்டும் 43 லட்சத்து 31 ஆயிரம். அப்பா நோட்டை வாங்கி இரண்டு முறை பார்த்தார்.

இதே கடனுக்குக் காலத்தை மட்டும் மாற்றிப் பாருங்கள். 15 வருடம் என்றால் இ.எம்.ஐ. 39,390, வட்டி 30 லட்சத்து 90 ஆயிரம். 30 வருடம் என்றால் இ.எம்.ஐ. 30,757, வட்டி 70 லட்சத்தைத் தாண்டும். 20 வருடத்திலிருந்து 30க்குப் போனால் மாதம் குறைவது 4,000 ரூபாய்க்குக் கொஞ்சம் குறைவு. அதற்காகக் கூடுதலாகக் கட்டுவது 27 லட்சம் ரூபாய். “30 வருடம் போட்டுக்கங்க, இ.எம்.ஐ. லேசா இருக்கும்” என்று யாராவது சொன்னால் இந்த 27 லட்சத்தை நினைத்துக்கொள்ளுங்கள்.

வீடு கைக்கு வரும் முன்பே ஆகும் செலவு

30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான கடன் என்றால் வீட்டு மதிப்பில் 80 சதவீதத்துக்கு மேல் வங்கி தர முடியாது. மீதி 10 லட்சம் தம்பியின் கைப்பணம். பத்திரச் செலவும் அவனுடையதுதான். தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். 50 லட்சத்துக்கு நாலரை லட்சம். (நான் வாங்கிய 2021இல் இரண்டும் சேர்த்து 11 சதவீதம்.) ஆக 14 லட்சத்து 50 ஆயிரம் முன்னால் போய்விடுகிறது. இதோடு பிராசசிங் கட்டணம், வக்கீல் கருத்துரை, மதிப்பீட்டாளர் கட்டணம், மூலப் பத்திரத்தை வங்கியில் வைப்பதற்கான எம்.ஓ.டி. பதிவுச் செலவு எல்லாம் உண்டு. இவற்றைத் தவிர்த்துவிட்டாலே அந்த 50 லட்ச வீட்டுக்காக 20 வருடத்தில் அவன் கையிலிருந்து போவது கிட்டத்தட்ட 98 லட்சம்.

நிறையப் பேர் பத்திரச் செலவுக்கு நகையை அடகு வைக்கிறார்கள், அல்லது தனிநபர் கடன் எடுக்கிறார்கள். அந்த வட்டியையும் இதே நோட்டில் எழுதுங்கள். அதுவும் வீட்டின் விலைதான்.

தம்பிக்கு வந்த கடன் தாளில் இன்னொன்று ஒட்டிக்கொண்டு வந்தது. கடன் காப்பீடு (கடன் வாங்கியவர் இறந்தால் பாக்கியை அடைப்பது), ஒரே பிரீமியம் 1 லட்சத்து 20 ஆயிரம், ‘கடனோடு சேர்த்துக்கொள்ளலாம்’. கடனோடு சேர்த்தால் அதற்கும் 20 வருட வட்டி ஓடும், கட்டி முடிக்கும்போது இரண்டரை லட்சம் ஆகியிருக்கும். வீட்டுக் கடன் வாங்குபவருக்கு ஆயுள் காப்பீடு கட்டாயம் வேண்டும் என்பதே என் எண்ணம். ஆனால் கடன் தருபவரிடமே அதை வாங்க வேண்டியதில்லை. தம்பி தனியாக ஒரு டெர்ம் பாலிசி எடுத்துக்கொண்டான்.

2024 அக்டோபர் 1 முதல் ஒப்புதலாகும் சில்லறைக் கடன்களுக்கு, எல்லாக் கட்டணங்களையும் சேர்த்து ஆண்டு விகிதத்தைக் காட்டும் முக்கிய விவர அறிக்கை ஒன்றைக் கொடுத்தாக வேண்டும். அதில் தவணை அட்டவணையும் இருக்கும். கையெழுத்துக்கு முன்னால் அதைக் கேட்டு வாங்கி, வீட்டுக்கு எடுத்துவந்து படியுங்கள். இரண்டு இடத்தில் கடன் கேட்டிருந்தால் விளம்பர வட்டியை விட்டுவிட்டு இந்த ஆண்டு விகிதத்தை ஒப்பிடுங்கள். வங்கியா, வீட்டு வசதிக் கடன் நிறுவனமா என்பதையும் கவனியுங்கள். வங்கிகள் 2019 அக்டோபரிலிருந்து புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்களை ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடுதான் இணைக்க வேண்டும். வீட்டு வசதி நிறுவனங்களுக்கு அந்தக் கட்டாயம் இல்லை. ரெப்போ இறங்கினாலும் அங்கே வட்டி தானாக இறங்கும் என்று எதிர்பார்க்க முடியாது.

வருமான வரிச் சலுகையைப் பற்றித் தம்பி கேட்டான். பழைய முறையில் வரி கட்டுபவருக்குத் தான் குடியிருக்கும் வீட்டின் வட்டியில் வருடம் 2 லட்சம் வரை கழிவு உண்டு. அவன் புதிய முறையில் இருக்கிறான், அதில் அந்தக் கழிவு இல்லை. சலுகையை நம்பிக் கடனைப் பெரிதாக்க வேண்டாம் என்றேன்.

வட்டி ஏறும்போது

என் கதைக்கு வருகிறேன். மறுநாள் கிளைக்குப் போய், 229 தவணைக்குள்ளேயே முடிய வேண்டுமென்றால் எவ்வளவு கட்ட வேண்டும் என்று கேட்டேன். 26,263. மாதம் 3,450 ரூபாய் அதிகம். பழைய தவணையிலேயே விட்டிருந்தால் அதன் பிறகு மொத்தம் 84 லட்சம் கட்டியிருப்பேன். ஏற்றிக் கட்டினால் 60 லட்சம். இடையில் 24 லட்சம் வித்தியாசம்! வட்டி இன்னும் ஏறும் என்று தோன்றியதால் 28,000 ஆக உயர்த்தச் சொல்லி எழுதிக் கொடுத்தேன். போனஸ் ஐம்பதாயிரத்தையும் அசலில் கட்டினேன். 2023 பிப்ரவரியில் ரெப்போ 6.50க்கு வந்தது, என் வட்டி 9.25 ஆனது. அப்போதும் 28,000 தாங்கியது. அந்த மாதங்களில் வீட்டில் சிக்கனமாகத்தான் இருந்தோம்.

2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இதற்கு ஒரு நெறிமுறை கொண்டுவந்தது. வட்டி மாறும்போது கடன் தருபவர் நம்மிடம் தெரிவிக்க வேண்டும். தவணைத் தொகையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டிலும் கொஞ்சமா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை நமக்கு உண்டு. காலாண்டுக்கு ஒரு முறை அதுவரை கட்டிய அசல், வட்டி, மீதித் தவணை எண்ணிக்கை உள்ள அறிக்கை தர வேண்டும். ஆனால் நாம் பதில் சொல்லாமல் இருந்தால் காலம் நீண்டுகொண்டே போகலாம். குறுஞ்செய்தி வந்தால் அன்றே பதில் அனுப்புங்கள்.

முன்கூட்டிக் கட்டுவது

தனிநபர் பெயரில் உள்ள மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்டினால் அபராதம் கிடையாது. எப்போது கட்டுகிறோம் என்பதுதான் பெரிய விஷயம். தம்பியின் கடனில் முதல் வருட முடிவில் 1 லட்சம் கட்டினால் கிட்டத்தட்ட 14 தவணைகள் குறையும், நிகரமாக 3 லட்சத்து 78 ஆயிரம் மிச்சம். அதே 1 லட்சத்தைப் பத்தாவது வருட முடிவில் கட்டினால் மிச்சம் 1 லட்சத்து 29 ஆயிரம். மொத்தமாகப் பணம் இல்லாதவர்கள் வருடத்துக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டினாலே 20 வருடக் கடன் 16 வருடம் 9 மாதத்தில் முடிகிறது, 8 லட்சத்துக்கு மேல் வட்டி குறைகிறது.

கட்டும்போது ‘அசலில் வரவு வைத்து, தவணைக் காலத்தைக் குறைக்கவும்’ என்று எழுத்தில் கொடுங்கள். இ.எம்.ஐ.யைக் குறைத்துவிட்டால் இந்த மிச்சத்தில் பெரும்பகுதி கிடைக்காது. கையில் உள்ள எல்லாவற்றையும் கொண்டுபோய்க் கட்டவும் வேண்டாம். ஆறு மாதத் தவணைக்கும் வீட்டுச் செலவுக்கும் தனியாக வைத்துக்கொண்டு மீதியைக் கட்டுங்கள். அசலில் போட்ட பணத்தை அவசரத்துக்குத் திருப்பிக் கேட்க முடியாது. என்னுடைய அடுத்தடுத்த தீபாவளி போனஸ்கள் மகளின் பள்ளிக் கட்டணத்துக்கும் அப்பாவின் கண் அறுவை சிகிச்சைக்கும் போயின. அதில் எனக்கு வருத்தம் இல்லை.

இத்தனையும் சொன்ன பிறகு, “அப்ப வீடே வாங்க வேண்டாமா அக்கா?” என்று தம்பி கேட்டான். வாங்கத்தான் சொன்னேன். 98 லட்சமும் இன்றைய ரூபாய் இல்லை. விலைவாசி வருடம் 5 சதவீதம் ஏறினால், இருபதாவது வருடத்தில் அவன் கட்டும் 34,713 இன்றைய 13,000 ரூபாய்க்குத்தான் சமம். வாடகையும் ஏறிக்கொண்டேதான் போகும். எண்களைத் தெரிந்துகொண்டு வாங்கு என்றுதான் சொன்னேன். அவன் 15 வருடம் எடுத்துக்கொண்டான்.

கடன் முடிந்த பிறகும் ஒரு வேலை இருக்கிறது. முழுத் தொகையும் கட்டிய 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும், கடன் தந்தவரால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. பத்திரத்தை வாங்கியதோடு நிற்காமல், சார்பதிவாளர் அலுவலகத்தில் எம்.ஓ.டி.யை ரத்து செய்யும் ரசீது ஆவணத்தைப் பதிந்து, புது வில்லங்கச் சான்று எடுத்துப் பாருங்கள்.

2025இல் ரெப்போ 6.50இலிருந்து படிப்படியாக 5.25க்கு இறங்கியது. வட்டி குறைந்தாலும் நான் 28,000ஐக் குறைக்கவில்லை. டிசம்பர் அறிக்கையில் பாக்கி 26 லட்சத்துச் சொச்சம். பழைய அட்டவணைப்படி இன்னும் 191 தவணைகள் இருந்திருக்க வேண்டும். ‘மீதமுள்ள தவணைகள்: 147’ என்று இருந்தது.