மெல்போர்னுக்குக் கிளம்பும் மதுரைக்காரர்களுக்கு: அவசரப் பிரிவில் வலியை மறைக்காதீர்கள்

ஆம்புலன்ஸுக்கு அங்கே 108 இல்லை, 000. இன்சூரன்ஸ் அட்டை எப்போதும் பையில் இருக்கட்டும். இதெல்லாம் விசா ஏஜென்ட்டே சொல்லிவிடுவார். அவர் சொல்லாத ஒன்று இருக்கிறது.

நம் ஊரில் ஆத்திர அவசரம் என்றால் கே.கே.நகரில் தெரிந்த டாக்டருக்கு ஒரு போன் போடுவோம். பெரியாஸ்பத்திரி என்றால் உள்ளே தெரிந்தவர் யார் என்று தேடுவோம், கூட நாலு பேர் போவோம். அங்கே எதுவும் எடுபடாது. முதலில் வந்தவருக்கு முதலில் என்பதும் கிடையாது. வாசலிலேயே ஒரு நர்ஸ் விசாரித்து, நாடி, காய்ச்சல் எல்லாம் பார்த்து, ஐந்து வகையில் ஒன்றில் சேர்ப்பார். முதல் வகைக்கு உடனே சிகிச்சை. இரண்டாவதற்கு 10 நிமிடம், அப்புறம் 30, 60, 120. இது இலக்குதான், கூட்டம் இருந்தால் கடைசி வகைக்காரர்கள் மணிக்கணக்கில் உட்கார வேண்டியதுதான். ஆம்புலன்ஸில் போனாலும் இதே கணக்கு.

மேலூர்க்கார நண்பர் ஒருவர் மாட்டிக்கொண்டது இங்கேதான். வயிற்றுவலியோடு போனார். வலி பத்துக்கு எவ்வளவு என்று நர்ஸ் கேட்க, நாலு என்றார். நெல் மூட்டை தூக்கி வளர்ந்த உடம்பு. வலிக்கிறது என்று சொல்லவே அவருக்குக் கூச்சம். வீட்டில் பாராசிட்டமால் போட்டுக்கொண்டு போனதையும் சொல்லவில்லை, அதனால் காய்ச்சலும் தெரியவில்லை. காத்திருக்கும்போது தொப்புளைச் சுற்றியிருந்த வலி வலது அடிவயிற்றுக்கு இறங்கிவிட்டது. நிமிர முடியாமல் நாற்காலிக் கையைப் பிடித்தபடி குனிந்தே இருந்திருக்கிறார். மனைவி எழுந்தபோதும், "பேசாம உக்காரு, அவங்களே கூப்பிடுவாங்க" என்று தடுத்துவிட்டார். அப்பெண்டிக்ஸ் வெடித்து, சீழ் வயிற்றுக்குள் பரவிய பிறகுதான் ஆபரேஷன். நினைத்தால் இன்னமும் எனக்கு ஆத்திரம் வருகிறது. மரியாதையாக உட்கார்ந்திருந்ததற்கா இவ்வளவு?

அதனால், உள்ளதை உள்ளபடி சொல்லுங்கள். எப்போது தொடங்கியது, எங்கே ஆரம்பித்து எங்கே நகர்ந்தது, நடக்க முடிகிறதா, என்ன மாத்திரை போட்டீர்கள், எல்லாம். நெஞ்சுவலி, மூச்சுத்திணறல், ஒரு பக்கம் கைகால் விழுந்தது என்றால் பெயர், முகவரிக்கு முன்னால் அதைச் சொல்லுங்கள். உட்கார்ந்த பிறகு வலி கூடினாலோ இடம் மாறினாலோ எழுந்து போய் அதே நர்ஸிடம் சொல்லுங்கள். திரும்பப் பார்த்து உங்களை மேல் வகைக்கு மாற்ற அவரால் முடியும். அது சண்டை போடுவது ஆகாது. கேட்காமல் காபி, பிஸ்கட் எதுவும் வாயில் போடாதீர்கள், ஆபரேஷன் தேவைப்படலாம்.

ஆங்கிலம் தடுமாறினால் தமிழ் மொழிபெயர்ப்பாளர் வேண்டும் என்று கேளுங்கள், அரசு மருத்துவமனைகளில் அதற்குக் காசு இல்லை. அம்மா அப்பாவைக் கூட்டிப்போகிறவர்கள் அவர்களின் சர்க்கரை, பிரஷர் மாத்திரைப் பெயர்களை ஆங்கிலத்தில் எழுதிக் கையில் கொடுத்து வையுங்கள். அவர்களுக்கு எடுக்கும் இன்சூரன்ஸில் ஆம்புலன்ஸ் செலவும் சேர்ந்திருக்கிறதா என்று பார்த்துவிட்டுப் பணம் கட்டுங்கள். மெல்போர்ன் இருக்கும் விக்டோரியா மாநிலத்தில், அரசு மருத்துவக் காப்பீடான மெடிகேரின் அட்டை வைத்திருப்பவருக்கே அந்தச் செலவை மெடிகேர் தருவதில்லை.