வாக்குரிமைத் திருத்தங்கள் நான்கும் மறக்காமல் இருக்க: குடியுரிமைத் தேர்வுக்கு அம்மாவைத் தயார்செய்த விதம்

அமெரிக்கக் குடியுரிமை நேர்காணலில் வரக்கூடிய கேள்வி இது: யார் வாக்களிக்கலாம் என்பது பற்றி அரசியலமைப்பில் நான்கு திருத்தங்கள் உள்ளன, அவற்றில் ஒன்றை விளக்குங்கள். ஒன்று சொன்னால் போதும். ஆனாலும் நான்கையும் படித்துவிடுங்கள், பதற்றத்தில் ஒன்று மறந்தாலும் இன்னொன்று கைகொடுக்கும்.

திருத்தங்களின் எண்களில் தொடங்க வேண்டாம். 15, 19, 24, 26 என்று அம்மா ஒரு வாரம் ஒப்பித்தார். எது எதற்கு என்று கேட்டால் விழித்தார். அப்புறம்தான் வழியை மாற்றினேன். ஒவ்வொன்றுக்கும் ஒரே கேள்வி: அதுவரை யாரைத் தடுத்தார்கள்?

15-ஐயும் 24-ஐயும் சேர்த்துப் படியுங்கள். இனம், நிறம், முன்பு அடிமையாக இருந்தது ஆகியவற்றைக் காட்டி வாக்கை மறுக்கக் கூடாது என்றது 1870-இல் வந்த 15. தென்மாநிலங்கள் பின்னர் வேறு வழி தேடின: எழுத்தறிவுச் சோதனை, தலைவரி (போல் டாக்ஸ்). வர்ஜீனியாவில் ஆண்டுக்கு ஒன்றரை டாலர். மூன்று வருடப் பாக்கியையும் கட்டினால்தான் ஓட்டு. ஏழைக் கறுப்பினத்தவரோடு ஏழை வெள்ளையர்களும் வெளியே நின்றார்கள். கூட்டாட்சித் தேர்தல்களில் இந்த வரியை ஒழிக்க 1964-இல் 24 வரவேண்டியிருந்தது. மாநிலத் தேர்தல்களில் அதை நீக்கியது 1966-இல் உச்ச நீதிமன்றம். ஒரு திருத்தம் எழுதப்பட்டதும் உரிமை கைக்கு வந்துவிடுவதில்லை என்பது இங்கேதான் எனக்கே உறைத்தது.

19 பெண்களுக்கானது. 1920 ஆகஸ்ட் 18, டென்னசி மாநிலச் சட்டமன்றத்தில் அதற்கு ஒப்புதல் தரும் வாக்கெடுப்பு. எதிரணியின் சிவப்பு ரோஜாவைச் சட்டையில் குத்தியிருந்த 24 வயது ஹாரி பர்ன், ஆதரித்து வாக்களித்தார். ஆதரிக்கச் சொல்லி அவருடைய தாய் எழுதிய கடிதம் அவர் பையில் இருந்தது. இந்தக் கதையைச் சொன்ன பிறகு என் அம்மாவுக்கு 19 மறக்கவே இல்லை.

26 சுலபம். 18 வயதுப் பையனை வியட்நாம் போருக்கு அனுப்பலாம், ஆனால் பெரும்பாலான மாநிலங்களில் ஓட்டுப் போட 21 ஆக வேண்டும். 1971-இல் அது 18 ஆனது.

சரி, கடைசி வேலை: ஆங்கிலப் பதில்களைத் தமிழ் எழுத்தில் எழுதி, வாய்விட்டுச் சொல்லவையுங்கள். அம்மா தனக்கென்று 24-ஐ எடுத்துக்கொண்டார். சமையலறைச் சுவரில் அவர் கையெழுத்தில் ஒட்டியிருந்தது: "யூ டோன்ட் ஹாவ் டு பே எ போல் டாக்ஸ் டு வோட்."