பழைய அரசு மடிக்கணினிக்கு டிரைவர் தேடும் முறை

தமிழக அரசு 2011 செப்டம்பர் 15 அன்று தொடங்கிய விலையில்லா மடிக்கணினித் திட்டத்தின் தொடக்க ஆண்டுகளில், விண்டோஸ் 7, பாஸ் லினக்ஸ் என்னும் இரண்டு இயங்குதளங்களும் பதிந்த மடிக்கணினிகளை அரசின் எல்காட் நிறுவனம் வாங்கி வழங்கியது. விண்டோஸ் 7-க்கான ஆதரவை மைக்ரோசாஃப்ட் 2020 ஜனவரி 14 அன்றே நிறுத்திவிட்டதால், ஃபார்மட் செய்தபின் வைஃபையோ ஒலியோ வரவில்லை என்றால் அந்தந்தச் சாதனத்தை இயக்கும் மென்பொருளான டிரைவரை நாம்தான் தேடி எடுக்க வேண்டும்.

இன்னும் ஃபார்மட் செய்யாதவர்கள் முதலில் ஒன்றைச் செய்துவிடுங்கள். சி டிரைவில் விண்டோஸ், சிஸ்டம்32, டிரைவர்ஸ்டோர் என்று உள்ளே சென்றால் ஃபைல்ரெபாசிட்டரி என்னும் ஃபோல்டர் இருக்கும். அந்தக் கணினியில் பதிந்த டிரைவர்கள் அதற்குள்தான் இருக்கின்றன என்பதால், அதை அப்படியே பென் டிரைவில் நகலெடுத்து வைத்தால், அதே விண்டோஸை மீண்டும் பதியும்போது பெரும்பாலும் வேறெங்கும் தேட வேண்டியிராது. கடையில் கொடுப்பதற்கு முன்பும் இதை மறக்க வேண்டாம்.

ஃபார்மட் ஆகிவிட்டதென்றால், கம்ப்யூட்டர் ஐகானில் வலது கிளிக் செய்து பிராப்பர்ட்டீஸில் 32 பிட்டா 64 பிட்டா என்று குறித்துக்கொள்ளுங்கள். பிறகு மேனேஜ் வழியாக டிவைஸ் மேனேஜருக்குச் சென்று, மஞ்சள் குறியுள்ள சாதனத்தை இருமுறை சொடுக்கி, டீட்டெயில்ஸ் பகுதியில் ஹார்ட்வேர் ஐடியைத் தேர்ந்தெடுங்கள். அங்குள்ள முதல் வரியில் ‘வென்’ (VEN) என்பதை அடுத்து வரும் நான்கு எழுத்துகள் தயாரிப்பாளரையும், ‘டெவ்’ (DEV) என்பதை அடுத்து வரும் நான்கும் சாதனத்தையும் குறிக்கும். 8086 என்றிருந்தால் இன்டெல், 1002 என்றிருந்தால் ஏஎம்டி. பெயர் தெரியாத சாதனத்தையும் இந்த எண் காட்டிக்கொடுத்துவிடும் என்பதால், மாடல் பெயரைவிட இதையே நான் நம்புவேன்.

மடிக்கணினியின் அடிப்பக்கத்தில் உள்ள வரிசை எண்ணைக் கொண்டு தயாரிப்பு நிறுவனத்தின் தளத்தில் முதலில் தேடுங்கள். அங்கே கிடைக்காவிட்டால், மைக்ரோசாஃப்ட் அப்டேட் கேட்டலாக் தளத்தில் ஹார்ட்வேர் ஐடியை டெவ் எண் முடியும் வரை மட்டும் இட்டுத் தேடி, உங்கள் விண்டோஸுக்கும் பிட்டுக்கும் உரியதைப் பதிவிறக்குங்கள். பழைய பிரவுசரில் தளம் திறக்காவிட்டால் வேறு கணினியில் பதிவிறக்கிப் பென் டிரைவில் கொண்டுவரலாம். விண்டோஸ் 7-இல் யுஎஸ்பி 3.0-க்கான டிரைவர் உள்ளடங்கி வராது என்பதால் பென் டிரைவை யுஎஸ்பி 2.0 போர்ட்டில் செருகுவதே நல்லது. எல்லா டிரைவரையும் தானே போட்டுத்தருவதாகச் சொல்லும் மென்பொருள்கள், கேட்காதவற்றையும் சேர்த்துப் பதிந்துவிடக்கூடும் என்பதால் அவற்றின் பக்கம் போக வேண்டாம்.

கேட்டலாக்கில் கிடைப்பது கேப் (.cab) என்னும் சுருக்கிய கோப்பு. அதை இருமுறை சொடுக்கினால் டிரைவர் பதியாது. 7-ஜிப் என்னும் மென்பொருள் கொண்டு ஒரு ஃபோல்டரில் விரித்து வைத்து, டிவைஸ் மேனேஜரில் அப்டேட் டிரைவர் சென்று, கணினியிலேயே தேடும் வாய்ப்பைத் தேர்ந்து, அந்த ஃபோல்டரைக் காட்டுங்கள். டிரைவரின் டிஜிட்டல் கையொப்பத்தைச் சரிபார்க்க இயலவில்லை என்று விண்டோஸ் 7 மறுத்தால், சர்வீஸ் பேக் 1 இருக்கிறதா என்று பார்த்து, கேபி4474419 என்னும் அப்டேட்டை அதே தளத்திலிருந்து எடுத்துப் பதிந்து, ரீஸ்டார்ட் செய்தபின் மீண்டும் முயலுங்கள்.